வாயுள்ள பிள்ளைகள்

தென்காசியில் ஒரு மகளிர் கல்லூரியின் விலங்கியல் ஆய்வகத்தில், ஒரு செல் உயிர்களுக்குச் சோறு போட்டு வளர்ப்பது என் உத்தியோகம். மைக்ராஸ்கோப்பில் கண்ணை வைத்து, சொந்த இமைமயிரையே புது உயிரினம் என்று படம் வரைந்த அன்பர்களே, உங்களுக்குத்தான் இதைச் சொல்கிறேன்.

நாற்றத் தண்ணீர்

வைக்கோலை ஊறப்போட்டு, குளத்துத் தண்ணீர் கொஞ்சம் விட்டு வைத்தால் சில நாளில் பாரமீசியம் பெருகிவிடும். கூடவே நாற்றமும் பெருகும். செருப்பு வடிவில் ஒரே ஒரு செல். பக்கவாட்டில் ஒரு பள்ளம், அதுதான் வாய்க்கு வழி. பல் கிடையாது, நாக்கு கிடையாது. ஆனால் இரையை வாரி இழுக்கிற வேகத்தில் முதல் பந்திக்காரர்கள் தோற்றார்கள். எனக்கு அதன்மேல் அப்படி ஒரு பிரியம்.

அந்தச் சமயம் செங்கோட்டையில் எனக்கு மாப்பிள்ளை பேசிக்கொண்டிருந்தார்கள். அவரையும் எனக்குப் பிடித்திருந்தது. மாப்பிள்ளையின் அம்மா சொன்னதைத் தரகர் வந்து அப்படியே ஒப்பித்தார்: "பிள்ள நல்ல பிள்ளதான். அந்த நாத்தத் தண்ணி சோலிய மட்டும் விட்டுட்டு வரச் சொல்லுங்க."

உப்பிட்டவரை

மனசு சரியில்லை என்று வேலை நிற்குமா? புளித்த மாவில் சிவப்புச் சாயம் ஏற்றிக் கொடுத்தால் பாரமீசியம் சாப்பிடுவதைக் கண்ணால் பார்க்கலாம். கடையத்திலிருந்து வரும் மாணவி இசக்கியம்மாள் வீட்டு இட்லி மாவைக் கொண்டுவந்தாள். ஒரு சொட்டு விட்டதும் அத்தனையும் சுருண்டு செத்தன. மாவில் உப்பு.

மறுநாள் உப்புப் போடாத மாவு வந்தது. சிவப்பு மாவு வாய்ப்பள்ளத்தில் சுழன்று இறங்கி, உள்ளே உருண்டை உருண்டையாக மிதந்து போயிற்று. வயிறு என்று தனியாக இல்லை; ஒவ்வொரு கவளத்துக்கும் ஒரு குட்டி வயிற்றை அங்கேயே செய்துகொள்கிறது. எனக்குப் புல்லரித்தது. இசக்கியம்மாளுக்கோ வேறு கவலை: "உப்பில்லாம எப்படி மிஸ் எறங்குது இதுக்கு?"

அத்தை வந்தார்கள்

சாரல் நேரம். குற்றாலத்தில் குளித்த கையோடு, ஈரத்தலையுடன் மாப்பிள்ளையின் அம்மா நேரே ஆய்வகத்துக்கே வந்துவிட்டார்கள். பேச்செடுத்தால் அழுதுவிடுவேன் என்று பயமாக இருந்தது. அவர்கள் ஊர்க் குளத்துப் பாசியில் ஒட்டியிருந்த ஸ்டென்டார் என்ற இன்னொரு ஒரு செல் உயிரை மைக்ராஸ்கோப்பில் வைத்து, பாருங்கள் என்று கை காட்டினேன். அவர்கள் தொப்பென்று உட்கார, மேஜை அதிர்ந்தது.

"ஒரு உருண்டைல்லா கெடக்கு" என்றார்கள்.

அதிர்ந்தால் சுருங்கிக்கொள்ளும், சும்மா இருந்தால் விரியும் என்று மட்டும் சொன்னேன். இருவரும் அசையாமல் இருந்தோம். உருண்டை மெல்ல நீண்டு, மேல்முனை மலர்ந்து, அகலமாகத் திறந்தது. விளிம்பு மயிரிழைகள் சுழல, தண்ணீர் சுழித்துக்கொண்டு வாய்க்குள் போயிற்று. அத்தை கண்ணை எடுக்கவே இல்லை. பிறகுதான் சொன்னார்கள்: "ஏட்டி, நாதஸ்வரம்லா இது. இத விட்டுட்டு வந்து எங்க வீட்ல என்னத்தப் பாக்கப் போற? நீ சோலியப் பாரு, நாங்க முகூர்த்தத்துக்கு நாள் பாக்கோம்."

வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்பார்கள். வாயைத் திறக்காத நான் பிழைத்ததோ, குளத்தில் பிடித்த பிள்ளையின் வாயால்.