வால்மிர் தம்பிக்கு எழுதிய பாட்டு

ஒஸ்லோவின் ட்வெய்ட்டாவில் ஒரு பண்டகசாலையில் பெட்டி ஏற்றிக்கொண்டிருந்த வால்மிர், ஒரு காலத்தில் பிரேசிலில் ராக் கிட்டார்காரன் என்றால் எங்கள் தமிழ் ஆட்கள் யாரும் நம்பவில்லை. நம்புகிற மாதிரியா இருந்தான்? தலையில் வழுக்கை, வாயில் பேச்சில்லை.

போர்த்தோ அலெக்ரேயில் அவனும் தம்பி நெல்சனும் ஒரு குழு வைத்திருந்தார்கள். அண்ணன் கிட்டார், தம்பி டிரம்ஸ். நெல்சனுக்கு நிதானம் கிடையாது. பாட்டு பாதிக்கு வருமுன்பே தாளம் ஓட்டமெடுக்கும். மேடைக்கு மேடை இதே சண்டை. ஒருநாள் வால்மிர் சனம் பார்க்கக் கிட்டாரைக் கழற்றி வைத்துவிட்டு இறங்கிப் போனான். குழு அத்தோடு சரி. சமாதானமாவதற்குள் நெல்சன் மோட்டார் சைக்கிள் விபத்தில் போய்ச் சேர்ந்தான். அவனுக்காக வால்மிர் ஒரு பாட்டு எழுதினான். அதை ஒருமுறையாவது மேடையில் பாடிவிட வேண்டும். நோர்வேக்காரியைக் கட்டி ஒஸ்லோவுக்கு வந்த பிறகும் அந்த ஆசை அவனை விடவில்லை.

கூட வேலை செய்த இரவீந்திரன், கல்யாணம், சாமத்தியவீடு என்று வாசிக்கும் இசைக்குழு ஒன்று நடத்தினார். 2004இல் வால்மிர் அதில் சேர்ந்தான். அப்போது தமிழில் ஒரு சொல் விளங்காது. ஆனால் ஒருமுறை கேட்ட பாட்டைப் பிசகில்லாமல் வாசிப்பான். அப்படிப்பட்ட காது லட்சத்தில் ஒருவருக்குத்தான் வாய்க்கும். அவன் பிடித்துக்கொண்ட முதல் தமிழ்ச் சொல் ‘கெதியா’, அதாவது வேகமாக. ஸ்பீக்கர் ஏற்றும்போது இரவீந்திரன் வாயில் வேறு சொல் வராது.

தன் பாட்டைப் பற்றி அவன் கேட்கும்போதெல்லாம் இரவீந்திரன், "அடுத்தமுறை பாப்பம். விளங்காத பாட்டெண்டால் சனம் கோட்டைப் போட்டுக்கொண்டு வெளிக்கிட்டிடும்," என்பார்.

இப்படியே மூன்று வருடம் போனது. ஹவுகன்ஸ்டுவாவில் ஒரு பிறந்தநாள் விழாவில், கடைசிப் பாட்டுக்கு முன்னால் பாடகி மரியரஞ்சனிக்குத் தொண்டை அடைத்துவிட்டது.

"அந்த மனுசனைப் பாட விடுங்கோ அண்ணை. எத்தினை நாளாக் கேக்கிறார்," என்றாள். இரவீந்திரனுக்கும் வேறு வழியில்லை.

வால்மிர் மெதுவாகத் தொடங்கினான். சனம் சோற்றிலும் கறியிலும் கவனமாக இருந்தது. எங்கள் விழாக்களில் கடைசிப் பாட்டு என்றால் எழும்பி ஆடுகிற பைலாதான். டிரம்ஸ் அடித்த சுரேனுக்கு அது கையில் ஊறிப்போனது. தன்னை அறியாமலே பைலாத் தாளத்துக்குத் தாவினான். அதுவும் வரவர வேகம். பெண்கள் சேலையைச் செருகிக்கொண்டு ஆட வந்துவிட்டார்கள்.

வால்மிர் வாசிப்பை நிறுத்தினான். கை கிட்டார் வாருக்குப் போனது. ஆடியவர்கள் அப்படியே நின்றார்கள். செத்தவனுக்கு எழுதிய பாட்டுக்கு ஆட்டம் போட்டால் யாருக்குத்தான் பொறுக்கும்? இரவீந்திரனுக்கு முகம் செத்துவிட்டது.

"குறை நினையாதேங்கோ அண்ணை," என்றான் சுரேன். "கை தன்ரபாட்டில ஓடிட்டுது. மெதுவா அடிக்கிறன்."

வால்மிர் அவனையே பார்த்தபடி நின்றான். கை தானாக ஓடிவிட்டது என்றுதான் நெல்சனும் ஒவ்வொரு முறையும் சொல்லுவான். வாரைத் தோளில் மறுபடி இழுத்துவிட்டுக்கொண்டான். கண்ணீர் வழிந்ததைத் துடைக்கக்கூட இல்லை.

"வேண்டாம்," என்றான். "கெதியா அடி, சுரேன். இன்னும் கெதியா."