போனில் பாதி நின்ற தாயம்

'போதுமான இடம் இல்லை' என்று போன் சொன்னபோது நான் வாசற்படியில் நின்றிருந்தேன். எங்கள் வீட்டில் நெட் வாசற்படியில்தான் எடுக்கும். உள்ளே தள்ளிப் போனால் வட்டம் சுற்றிக்கொண்டே இருக்கும், வெளியே போனால் வெயிலில் திரை தெரியாது. இன்னொரு முறை அழுத்தினேன். அதே வரி. போனை அணைத்துவிட்டு மறுபடி போட்டேன். அது உயிர் வந்து முழிப்பதற்குள் எதிர்த்த வீட்டுச் சுவரில் காய்ந்துகொண்டிருந்த பாவாடையின் பூக்களை எல்லாம் எண்ணி முடித்துவிட்டேன். திரும்பவும் அதே வரி.

மணலிப் பக்கம் ஒரு கன்டெய்னர் யார்டில் ஆவணப் பிரிவுக்கு ஆள் எடுத்தார்கள். வந்து போகும் பெட்டிகளுக்குக் காகிதம் பார்க்கிற வேலை. என் விண்ணப்பம் முதல் கட்டம் தேறியிருந்தது. அடுத்து, அவர்கள் அனுப்பிய செயலியை இறக்கி, முகத்தைப் பதிந்து, இரண்டு கேள்விகளுக்கு ஆங்கிலத்தில் பேசி வீடியோவாக அனுப்ப வேண்டும். சனிக்கிழமை மாலை ஐந்து மணி கெடு. நான் இருந்த நாளையெல்லாம் ஆங்கிலப் பதிலை மனப்பாடம் செய்வதிலேயே ஓட்டிவிட்டு, சனிக்கிழமை சாப்பாட்டுக்குப் பிறகுதான் செயலியைத் தொட்டேன். செயலி என்றால் இறங்கும், இறங்காமல் என்ன செய்யும் என்று நினைத்திருந்தேன். வேறு போனிலும் செய்ய முடியாது. அவர்கள் அனுப்பிய இணைப்பை முதலில் எந்த போனில் திறக்கிறோமோ அந்த போனில்தான் முடிக்க வேண்டும். மெசேஜ் வந்த சந்தோஷத்தில் நான் அதை அன்றைக்கே திறந்து பார்த்துவிட்டேன்.

கல்லூரியில் படிக்கும்போது செகண்ட் ஹேண்டில் வாங்கிய போன் அது. என் போன் என்று பெயர். ஆனால் காசிமேட்டிலிருந்து மீன் கூடையோடு அம்மா திரும்பிய பிறகு அது அம்மாவுடையது, சாயந்திரம் தெருவுடையது. யார் வீட்டுக்கு ஆதார் கார்டு இறக்க வேண்டும், யாருக்கு ஆஸ்பத்திரிச் சீட்டைப் படம் எடுத்து அனுப்ப வேண்டும் என்றாலும் என்னிடம்தான் வருவார்கள். எங்கள் குடும்பத்தில் பன்னிரண்டாம் வகுப்பைத் தாண்டியவன் நான் ஒருவன். தாண்டியவனுக்கு எல்லாம் தெரியும் என்று நம்புகிறார்கள். போனில் இடம் எங்கே போகிறது என்று எனக்கும் தெரியாது என்பதை யாரிடமும் சொன்னதில்லை.

முதலில் என் துப்பாக்கி விளையாட்டைத் தூக்கினேன். 'நிச்சயமாக நீக்கவா?' என்று கேட்டது. அதில் நான் சேர்த்து வைத்திருந்த உடுப்பும் ஆயுதமும் ஒரு நொடியில் போயிற்று. வருத்தப்பட நேரமில்லை. பைக் ரேஸ், கிரிக்கெட், அப்பா என்றைக்கோ கேட்டு வைத்த கேரம் எல்லாம் போயின. ஒவ்வொன்றையும் தூக்கியதும் ஓடிப்போய்ச் செயலியை அழுத்துவேன். 'போதுமான இடம் இல்லை.' அப்புறம் தெருக் குழுவில் வந்த வீடியோக்கள்: அம்மன் கோயில் மேளம், புதுப் படகைக் கடலில் இறக்கியது, வலையில் வந்த ஒரு பெரிய ஆமையைத் திரும்ப விட்டது, பூப்போட்ட காலை வணக்கங்கள். இத்தனையும் அழித்த பிறகும் இடம் இம்மி நகரவில்லை. தலை சூடாகி, தெருமுனை வரை நடந்தேன். எக்ஸ்பிரஸ் ரோட்டில் டிரெய்லர் லாரிகள் துறைமுகம் வரைக்கும் வரிசை கட்டி நின்றன. ஒவ்வொரு பெட்டிக்கும் துறைமுகத்துக்குள் எங்கேயோ ஒருவன் ஏசியில் உட்கார்ந்து காகிதம் பார்க்கிறான் என்று தோன்றியது. ஒரு லாரியின் நிழலில் நின்று போனைத் துழாவியதில்தான் தெரிந்தது, அழித்த வீடியோ எதுவும் அழியவில்லை, குப்பைத் தொட்டி என்று ஒன்றில் மொத்தமும் அப்படியே கிடக்கிறது. அதைக் காலி செய்தேன். இன்னும் கொஞ்சம் இடம்தான் தேவைப்பட்டது. மிச்சமிருந்த ஒரே விளையாட்டைத் தூக்கினால் போதும்.

வீட்டுக்குள் வந்து அம்மாவிடம் சொன்னேன். "ம்மா, தாயத்தத் தூக்கப் போறேன்."

அம்மா கஞ்சிக் கிண்ணத்தைக் கீழே வைத்தாள். "இன்னாது?"

"தாயம். இடம் பத்தல. வேலைக்கு ஒண்ணு ஏத்தணும்."

"ஆட்டம் பாதியில கீது நைனா. நாளைக்கு ஞாயித்துக்கிழம. நீ பாட்டுக்குத் தூக்கிட்டா யார் போறது?"

யார் போவது என்பதுதான் விஷயம். போனில் இருந்தது லூடோ. எங்கள் தெருவில் அதற்குப் போன் தாயம் என்று பெயர். அம்மாவும் பெரியம்மாவும் எதிர்த்த வீட்டு அத்தையும் மூன்று பேராகச் சேர்ந்து மீன் எடுக்கிறவர்கள். விடியும் முன்னே யாராவது ஒருத்தி முதல் ஷேர் ஆட்டோவில் போய், ஏலம் நடக்கிற இடத்தில் மூன்று கூடையையும் போட்டு இடம் பிடிக்க வேண்டும். மற்ற இரண்டு பேரும் இன்னும் கொஞ்சம் தூங்கி எழுந்து வரலாம். வாரம் பூராவும் அந்த வேலை யாருக்கு என்பதைத் தாயம்தான் முடிவு செய்யும். மதியத்தில் கொஞ்சம் கொஞ்சமாக ஆடுவார்கள். சனிக்கிழமைக்குள் தோற்றவள் ஞாயிற்றுக்கிழமையிலிருந்து போக வேண்டும். முன்பெல்லாம் தரையில் சோழி போட்டு ஆடி, சோழி புரண்டது, காய் நகர்ந்தது என்று முடியைப் பிடிக்காத குறையாகச் சண்டை போட்டார்கள். போன் வந்த பிறகுதான் அது நின்றது. போன் யாருக்கும் சொந்தமில்லை, அதை ஏமாற்ற முடியாது.

அந்த வாரம் பெரியம்மா ஏற்கெனவே ஜெயித்து வெளியே வந்திருந்தாள். மிச்சம் அம்மாவும் அத்தையும்.

அம்மா வாசலிலிருந்தே குரல் கொடுக்க, அத்தை உரித்துக்கொண்டிருந்த பூண்டை முறத்தோடு தூக்கிக்கொண்டு வந்தாள். பின்னாலேயே பெரியம்மாவும்.

"இன்னாடா, தோக்கற நேரத்துல உங்கம்மா போனையே அழிக்கச் சொல்றாளா?" என்றாள் அத்தை.

"நான் எங்கடீ தோக்கறேன்? ரெண்டு காய் வூட்டாண்ட நிக்குது எனக்கு."

"அத்தே, அஞ்சு மணிக்குள்ள அனுப்பணும். சீட்டு எழுதிக் குலுக்கிப் போட்டுக்கலாம்" என்றேன்.

பெரியம்மா என்னை ஏற இறங்கப் பார்த்தாள். "ஒரு வாரமா ஆடனது இன்னாத்துக்குடா? குலுக்கிப் போடறதுக்கா? நீ பரிச்ச எழுதாத குலுக்கிப் போட்டா பாஸ் ஆன?"

"அப்ப சீக்கிரம் ஆடி முடிங்க."

ஆடினார்கள். திரையில் அம்மாவுக்கு ஒன்று விழுந்தது, அத்தைக்கு இரண்டு. ஒருத்தி காயை வெட்டினால் இன்னொருத்தியின் காய் மறுபடியும் ஆரம்பத்துக்குப் போகும், அது வெளியே வர ஆறு விழ வேண்டும். ஆறு விழவேயில்லை. நான் அறைக்கும் வாசலுக்கும் நடந்தேன். மனப்பாடம் செய்த ஆங்கிலத்தில் இரண்டாவது வரி மறந்துபோய்த் திரும்ப வந்தது. எண்ணூர் அனல்மின் நிலையப் பக்கமிருந்து அடித்த காற்றில் சாம்பல் வந்து பல்லில் நறநறத்தது. தண்ணீர் குடித்தேன். பார்த்தால் அம்மாவின் காய் வெட்டுப்பட்டு, ஆட்டம் இன்னும் நீண்டிருந்தது.

"ம்மா, என்னால முடியல" என்றேன்.

அம்மா என் முகத்தைப் பார்த்தாள். போனை என் பக்கம் நீட்டினாள். "இந்தா, தூக்கு. நான் தோத்துட்டேன். ஒரு வாரம் போய்த் தொலைக்கறேன்."

"அதெல்லாம் செல்லாது" என்று அத்தை போனை மறித்தாள். "வுட்டுக் குடுத்துட்டு வருசம் பூரா சொல்லிக் காட்டுவா. எனக்கு அந்தப் பேஜாரு வேணாம்."

கத்திவிடுவேன் போலிருந்தது. பெரியம்மாதான் எழுந்தாள். அடுப்புக் கரித்துண்டு ஒன்றை எடுத்துவந்து, திரையைப் பார்த்துப் பார்த்துச் சிமெண்ட் தரையில் கட்டம் இழுத்தாள். அம்மாவுக்குப் புளியங்கொட்டை, அத்தைக்குப் பூண்டுப் பல். எந்தக் காய் எந்தக் கட்டத்தில் என்று மூன்று பேரும் ஆளுக்கொரு முறை எண்ணிச் சரிபார்த்தார்கள். எண்ணி முடிக்கும்வரை போனை என் கையில் தரவில்லை.

"சரி, பகடை?" என்றாள் அம்மா.

"சோழி வேணாம். உன் கை எனக்குத் தெரியும்" என்றாள் அத்தை.

"அப்ப இவன் சொல்லட்டும்" என்றாள் பெரியம்மா. "டேய், நீ பாக்காத. அந்தாண்ட திரும்பிகினு ஒக்காரு. போடுன்னு சொன்னா ஒண்ணுலேர்ந்து ஆறுக்குள்ள மனசுல வர்றத சொல்லு. யாரு ஆட்டம்னு உனக்கு இன்னாத்துக்கு."

நான் வாசற்படியில் தெருவைப் பார்த்து உட்கார்ந்தேன். தாயத்தைத் தூக்கினேன். செயலியை அழுத்தினேன். இந்த முறை அந்த வரி வரவில்லை. பச்சைக் கோடு ஒன்று மெல்ல நகரத் தொடங்கியது.

"போடு!"

"நாலு."

"அய்ய, நாலாம். போடு!"

"ஒண்ணு."

"நல்லா இருப்ப நைனா."

யாருக்கு நாலு, யாருக்கு ஒன்று என்று தெரியாது. கோடு நின்று நின்று போனது. பின்னால் ஒருத்தி சிரித்தாள், ஒருத்தி "கலீஜா ஆடாத, காயத் திருப்பி வை" என்று அதட்டினாள். செயலி திறந்தது. முகம் காட்டச் சொன்னது. 'வெளிர் நிறப் பின்னணி தேவை' என்றது. எங்கள் சுவரில் மாதக் காலண்டர், துணிக்கொடி, சாமி படம், அப்பாவின் லைப் ஜாக்கெட்.

விஷயத்தைச் சொன்னதும் ஆட்டத்தை நிறுத்தினார்கள். அப்பாவின் வெள்ளை வேட்டியை எடுத்து அம்மா ஒரு முனை, அத்தை ஒரு முனை பிடித்து எனக்குப் பின்னால் விரித்து நின்றார்கள். பெரியம்மா தெருவில் போய் நின்று, கத்திக்கொண்டு போன ஐஸ் வண்டிக்காரனை ஓரங்கட்டினாள்.

சிவப்புப் புள்ளி எரிந்தது. நான் பேசினேன். பிறந்து வளர்ந்தது திருவொற்றியூர், வீட்டில் முதல் பட்டதாரி, பொறுப்பாக வேலை செய்வேன். பாதியில் வேட்டி ஆடத் தொடங்கியதைத் திரையில் பார்த்தேன், அத்தையின் கை வலிக்கிறது போல. அதைப் பார்த்ததும் ஒரு வரி தாவிவிட்டது. 'நெருக்கடியில் எப்படி வேலை செய்வீர்கள்' என்பது இரண்டாவது கேள்வி. மனப்பாடம் செய்திருந்ததைச் சொன்னேன். சொல்லும்போதே அது வேறு யாரோ எழுதியது போல இருந்தது. இருந்தாலும் முடித்தேன். முடித்ததும் வேட்டி தொப்பென்று என் தலையில் விழுந்தது.

"இங்கிலீஸ்ல என்னப் பத்தி இன்னாடா சொன்ன?" என்றாள் அத்தை.

"உங்களப் பத்தி ஒண்ணும் சொல்லல அத்தே."

"அவ்ளோ நேரம் கையத் தூக்கிகினு நின்னனே, ஒரு வார்த்த சொல்லக் கூடாது?"

'அனுப்பு' என்பதை அழுத்திவிட்டு வாசற்படிக்கு ஓடினேன். திரையின் நடுவில் எண்கள் ஏறத் தொடங்கின. ஐந்து மணிக்குச் சொற்ப நேரமே இருந்தது. எண் ஏறும், நிற்கும். போனை உயரத் தூக்கிப் பிடித்தேன். இடக்கையில் மாற்றிப் பிடித்தேன். இது போகாவிட்டால் அடுத்த விளம்பரம் எப்போது வரும், அதுவரைக்கும் தெருவுக்கு ஆதார் இறக்கிக் கொடுத்துக்கொண்டே இருப்பேனா என்றெல்லாம் ஓடியது. பின்னால் மறுபடியும் கட்டத்தின் முன் உட்கார்ந்துவிட்டார்கள்.

"போடு!"

எனக்குக் காதில் விழவில்லை.

"டேய், போடுடா!"

"அறுபத்திரெண்டு" என்றேன்.

மூன்று பேரும் ஒன்றாகச் சிரித்தார்கள். "அறுபத்திரெண்டாம்டி! காய எடுத்துகினு எண்ணூருக்கே போய்ச் சேரலாம்." பெரியம்மா சிரித்துக்கொண்டே வந்து என் தோளுக்கு மேல் எட்டிப் பார்த்தாள். "இன்னா இது, ஏறிகினு போவுது?"

"நூறு வந்தாதான் போச்சுன்னு அர்த்தம் பெரிம்மா. அஞ்சு மணிக்குள்ள வரணும்."

அத்தையும் அம்மாவும் எழுந்து வந்தார்கள். வாசற்படி அடைத்துப் போயிற்று. எண் எழுபதில் நின்றது. ஏலம் கேட்டே பழகிய வாய்கள், சும்மா இருக்க முடியவில்லை. அத்தைதான் ஆரம்பித்தாள், காசிமேட்டில் ஏலக்காரர் இழுக்கிற அதே இழுப்பில்: "ஏ எழுவதே எழுவதே எழுவதே..."

"எழுவத்தஞ்சு!" என்றாள் பெரியம்மா, எண் தாவியதும்.

"எழுவத்தஞ்சே எழுவத்தஞ்சே... கேளும்மா கேளு..."

"எம்பது!" அம்மா என் சட்டையை முதுகுப் பக்கம் கொத்தாகப் பிடித்திருந்தாள்.

பக்கத்து வீடுகளிலிருந்து தலைகள் நீண்டன. யாரோ என்ன மீன் என்று கேட்டார்கள். தொண்ணூற்றி ஒன்றில் அது நெடுநேரம் நின்றது. அத்தை விடாமல் அந்த எண்ணையே இழுத்துக்கொண்டிருந்தாள், குரல் கம்மும் வரைக்கும். நான் கண்ணை மூடிக்கொண்டேன். "வந்துச்சுடா!" என்று அம்மா முதுகில் அடித்தபோதுதான் திறந்தேன். ஒரு பச்சை டிக். 'உங்கள் பதிவு கிடைத்தது. தேர்வானவர்களுக்குத் தகவல் தெரிவிக்கப்படும்.' மேலே நேரம் பார்த்தேன். ஐந்து ஆகவில்லை.

"இன்னா சொல்றான்?" என்றாள் அம்மா.

"கெடச்சிருச்சாம். அப்புறமா சொல்லுவாங்களாம்."

"அவ்ளோதானா?" என்றாள் பெரியம்மா. ஏலம் முடிந்தும் மீன் கைக்கு வராதது போல என் முகத்தைப் பார்த்தாள்.

"அவ்ளோதான்."

அவர்கள் கட்டத்துக்குத் திரும்பினார்கள். எழுந்து வந்த அவசரத்தில் யாரோ புடவையை இழுத்திருக்க வேண்டும், ஒரு பூண்டுப் பல் கோட்டின் மேல் கிடந்தது. அது இந்தக் கட்டமா அந்தக் கட்டமா என்று பேச்சு ஏறியது. நான் திரும்பிப் பார்க்கவில்லை. திரையில் இன்னும் ஏதாவது வரி வருமா என்று மேலும் கீழும் தள்ளிப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"நைனா, இப்ப ஒழுங்கா போடு" என்றாள் அம்மா.

"மூணு" என்றேன்.