பூஜைக்குச் சுத்தம் செய்த லேப்டாப்

செவிலிமேட்டில் என் கம்ப்யூட்டர் கடைக்கு, ஆயுத பூஜைக்கு மறுநாள் ஒரு நெசவாளர் லேப்டாப்பை மார்போடு அணைத்தபடி வந்தார். மூடியில் சந்தனமும் குங்குமமும் இருந்தன. அவற்றின் மேல் கை படாமல், ஓரத்தையே தடவிக்கொண்டிருந்தார்.

"எம் பொண்ணு கேம்ல ஊடு கட்டி, என்னை மாதிரி ஒரு பொம்மைய தறியில உக்கார வச்சிருந்துச்சி பா. எங்கிட்ட கோவிச்சிக்கினு ஊட்ட உட்டே போயிடுச்சி. தெனம் அதத்தான் பாத்துக்கினு இருந்தேன். பூஜைக்கு சுத்தம் பண்றப்ப அழிச்சிட்டேன்."

"வேற எங்கியாவது காப்பி இருக்குதாண்ணா?"

"இல்ல பா."

"அழிச்சது ரீசைக்கிள் பின்ல இருக்கும்."

"குப்பைய வச்சிக்கினு பூஜை போடலாமா? அதயும் காலி பண்ணிட்டேன்."

எல்லா வழியிலும் தேடியும் அந்த வீடு இருந்த சேவ் ஃபைல் கிடைக்கவில்லை. சொன்னேன்.

"அப்ப அந்த ஊடு எங்க பா போச்சி?" என்றார்.

இத்தனை வருடமாக இதே தொழில். கிடைக்காது என்று தெரிந்தும், மறுபடி முதலிலிருந்து தேடத் தொடங்கினேன்.