பத்து மணியும் மூன்று மணியும்

வட்டகொடைக்கு மேலே அந்தத் தேயிலைத் தோட்டத்தில் கடிகாரம் பார்க்கத் தெரிந்தவர்களை ஒரு கை விரலில் எண்ணிவிடலாம். தெரிந்துதான் என்ன ஆகப்போகிறது? ஆட்களை வரிசையில் நிறுத்தி எண்ணுகிற பெரட்டுக்குத் தப்பு மேளம் அடித்தால் விடியற்காலை ஐந்து மணி. தொழிற்சாலை வாசலில் தொங்கிய தண்டவாளத் துண்டில் முதல் அடி விழுந்தால் பத்து மணி. அடுத்த அடி மூன்று மணி. இந்த இரண்டும் கைப்பிள்ளைக்காரிகளுக்கென்றே அடிக்கிற மணி. பிள்ளைகளைப் பகலெல்லாம் போட்டு வைக்கிற பிள்ளைக்காம்பராவுக்கு ஓடிப்போய்ப் பால் கொடுத்துவிட்டு ஓடிவர வேண்டும். நடுவில் பசித்தால் பிள்ளை அழட்டும் என்பது துரைமார் சட்டம். பச்சைப் பிள்ளை வயிற்றுக்கும் கடிகாரம் கட்டிய மகராசன்கள்!

கொழுந்தெடுக்கும் வேலாயிக்கு வயது இருபத்திரண்டு. பிள்ளை பெற்ற ஐந்து மாதத்தில் அவள் மார்பு மணிக்குப் பழகிப்போயிருந்தது. இரும்பில் அடி விழுந்ததும் சுரந்துவிடும்.

முப்பத்தாறாம் வருஷம் ஆடி மழையில் அவள் மகன் செல்லசாமிக்குக் காய்ச்சல் கண்டது. பத்து மணிப் பாலை அரைகுறையாகக் குடித்தவன், உச்சி திரும்பியதும் போய்ச் சேர்ந்தான். பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் அம்மாக்கண்ணு அப்போதே மலைக்கு ஆள் விட்டாள். மாயாண்டிக் கங்காணி அந்த ஆளைப் பாதி வழியில் நிறுத்தினார்.

"மூணு மணிக்கு எறங்கத்தானே போறா? அப்பத் தெரிஞ்சாப் போதும், போ."

பாவி மனுஷன்! வேலாயி மூன்று மணிக்கு, கட்டிய பாலோடு ஓடி வந்து, துணி மூடிக் கிடந்த பிள்ளையைப் பார்த்தாள். அழவில்லை. லயத்து வரிசை வீட்டுப் பெண்கள் கட்டிப்பிடித்து அழவைக்கப் பார்த்தார்கள்; முடியவில்லை. நான்காம் நாள் பெரட்டில் வந்து நின்றாள்.

இருபது நாள் போனது. பக்கத்து லயத்து இராமையாவின் பெண்சாதி பிரசவத்தில் இறந்துபோனாள். தாயில்லாத பெண்பிள்ளை சீனித் தண்ணீரில் வதங்கிக்கொண்டிருந்தது. மற்றத் தாய்மாருக்குத் தங்கள் பிள்ளைக்கே பால் காணாது. அம்மாக்கண்ணு சாயங்காலம் வேலாயியைத் தேடி லயத்துக்கு வந்தாள்.

"இன்னும் ரெண்டு நாள் தாங்காது தாயி. ஒரு வாய் குடேன்."

"எனக்குப் பால் வத்திப் போச்சுக்கா."

பச்சைப் பொய். ரவிக்கை நனைந்திருந்தது. அம்மாக்கண்ணு அதைப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போனாள். வேலாயிக்கு அந்தப் பிள்ளைமேல் கோபமுமில்லை, இரக்கமுமில்லை. அடுப்பில் ரொட்டி கருகுகிற வாடை வந்தது, திருப்பிப் போட்டாள்.

மறுநாள் பத்து மணி அடித்தது. பால் சுரந்தது. கை தானாகக் கூடையை இறக்கியது. கங்காணி பார்த்துவிட்டார்.

"புள்ள இல்லாதவளுக்குப் பத்து மணி ஏது? நெரையில ஏறு."

தேயிலைச் செடி வரிசையில் மறுபடி ஏறினாள். கம்பளிக்குள் பால் வழிந்து, மழைத் தண்ணீரோடு சேர்ந்து குளிர்ந்தது. பகல் கொழுந்து நிறுவை முடிந்து, மலையிலேயே நின்று ரொட்டி தின்றுவிட்டு, எல்லோரும் மறுபடி நிரை பிடித்தார்கள். உச்சி திரும்பிய நேரம். செல்லசாமி போனது இந்த நேரம்தான் என்று அம்மாக்கண்ணு அவளிடம் சொல்லியிருந்தாள். ஆள் விட்டதையும் சொல்லியிருந்தாள். இப்போது அதே காம்பராவில் இன்னொன்று கத்திக்கொண்டிருக்கும். கத்தத் தெம்பில்லாமல் கிடந்தாலும் கிடக்கும். வேலாயி கூடையை இறக்கிவிட்டு நடந்தாள்.

"ஏய், மூணு மணி அடிக்கலையே! எங்க போற?"

"என் புள்ளையும் மூணு மணி வரைக்கும் இருக்கலைங்களே, கங்காணி."

சத்தம் போட்டுச் சொல்லவில்லை. கங்காணி வாயிலிருந்த வெற்றிலையைத் துப்பினார். நாளைக்கு வேலை கிடையாது என்று பிறகுதான் கத்தினார். அதற்குள் அவள் வளைவைத் தாண்டிவிட்டாள்.

பிள்ளைக்காம்பராவில் அம்மாக்கண்ணு வாயைத் திறக்குமுன், "குடுங்கக்கா" என்று கையை நீட்டினாள். பிள்ளை இரண்டு தரம் காம்பை நழுவவிட்டது. மூன்றாம் தரம் பிடித்துக்கொண்டது. பிடித்த பிடியில் வலித்தது. வேலாயி அதன் முகத்தைப் பார்க்கவில்லை. சுவரைப் பார்த்தபடியே உட்கார்ந்திருந்து, ஒரு பக்கம் காலியானதும் மறுபக்கம் மாற்றிக் கொடுத்தாள்.