ஊமைப் படமும் ஒரு பீங்கான் கோப்பையும்

என் மைத்துனன் வேப்பூரில் புது வீடு கட்டிக் குடிபோன அன்றுதான் விருத்தாசலத்தில் என் பட்டறைச் சூளை எரிந்துகொண்டிருந்தது. பீங்கான் கோப்பை சுடுகிறவன் எரிகிற சூளையை விட்டுவிட்டு விருந்துக்குப் போவானா? நான் போகவில்லை. போய்த் திரும்பிய மனைவி என்னோடு பேச்சை நிறுத்திவிட்டாள். சொல்ல வேண்டியதையெல்லாம் சுவரிடம் சொன்னாள்.

"சோறு வச்சிருக்குது. வேணுங்கறவங்க சாப்புடலாம்."

சுவர் சாப்பிடவில்லை. நான் சாப்பிட்டேன்.

அந்த நேரம் பார்த்து டி.வி.யிலும் சத்தம் போய்விட்டது. மெக்கானிக்கைக் கூப்பிட வேண்டுமென்றால் யாராவது பேச வேண்டுமே! நான் சத்தமே தேவைப்படாத படங்களைத் தேடிப் பிடித்தேன். இரண்டு உலகப் போர்களுக்கு நடுவில் இங்கிலாந்தில் எடுத்த ஊமைப் படங்கள். எல்லாம் குட்டிப் படங்கள். சாம்பார் கொதிப்பதற்குள் ஒரு குடும்பமே உடைந்துவிடும். அவளும் வந்து ஓரமாக உட்கார ஆரம்பித்தாள்.

ஒரு சாயங்காலம் பையில் துணி அடுக்கிவிட்டு வந்து உட்கார்ந்தாள். "காலைல கம்மாபுரம் பஸ்ஸுக்குப் போறவங்க போவாங்க" என்றாள் சுவரிடம். கம்மாபுரத்தில் அவள் அம்மா வீடு. போகாதே என்று சொல்ல மானம் இடம் கொடுக்கவில்லை.

படத்தில் ஒரு துரைசாணி டீக் கோப்பையோடு புருஷனுக்காகக் காத்திருந்தாள். அவன் வந்தான், அவளைக் கண்டுகொள்ளவே இல்லை. அவள் கண்ணில் தாரை தாரையாக நீர். கையிலிருந்த கோப்பை திரை முழுக்கத் தெரிந்தது.

"அடேயப்பா! கைப்பிடி ஒட்டுன எடமே தெரியல. என்னா பளபளப்பு!" என்றேன்.

அவள் சுவரை மறந்துவிட்டாள். என்னைப் பார்த்தே கத்தினாள்.

"பொம்பள அழுவுறா, உங்களுக்குக் கப்புதான் கண்ணுக்குத் தெரியுதா? என் தம்பி வாசல்லியே நின்னு உங்களப் பாத்துக்கிட்டு இருந்தான். வந்தவங்கல்லாம் 'வூட்டுக்காரரு வரலியா'ன்னு கேட்டாங்க. நான் என்னா சொல்றது?"

அதற்குள் துரைசாணி பெட்டியோடு மழையில் இறங்கிவிட்டாள். அந்த மடையன் நாற்காலியை விட்டு எழவில்லை. எனக்குப் பயம் வந்துவிட்டது. எழுந்து போய் அவள் பையில் என் சட்டை ஒன்றைத் திணித்தேன்.

"நானும் வரேன். மொதல்ல வேப்பூரு, அப்பறம் கம்மாபுரம்."

"சூளை?"

"பாத்துக்க ஆளு இருக்குது."

"அன்னிக்கு இல்லாத ஆளா?"

அவள் உள்ளே போய் டீ போட்டுக்கொண்டு வந்தாள். எப்போதும் என் சூளையில் சுட்ட கோப்பையில்தான் தருவாள். அன்றைக்கு எவர்சில்வர் டம்ளர்.

"இதுல பாக்கறதுக்கு ஒண்ணும் இல்ல. என் மூஞ்சியப் பாத்துக் குடிங்க."