பதிவேட்டின் பின்பக்கத்தில் ஒரு நாவல்

ஞாயிற்றுக்கிழமை லீவில் நான் போகும் பஸ் பயணங்களைப் பற்றித்தான் இங்கே எழுதிக்கொண்டிருக்கிறேன். இதுவும் அப்படி ஒன்றுதான், ஷார்ஜாவிலிருந்து ராஸ் அல் கைமாவுக்கு. ஆனால் மலையும் கடலும் படமாக வரும் என்று நினைத்து வந்தவர்கள் மன்னிக்க வேண்டும். இந்தத் தடவை ஒரு படம்கூட எடுக்கவில்லை. பிப்ரவரியில் ஒரு ஞாயிறு, நண்பர் கிஸ்ஸாவுக்குத் துணையாகப் போனேன். அவர் விசா கேன்சலாகிவிட்டது. செவ்வாய்க்கிழமை ஊருக்கு டிக்கெட். அதற்குள் அவர் எழுதிய நாவலைப் போய் எடுத்து வந்தாக வேண்டும்.

கிஸ்ஸா உகாண்டாக்காரர், முப்பத்திரண்டு வயது. ஷார்ஜா தொழில்பேட்டையில் நான் ஸ்டோர்கீப்பராக இருக்கும் வேர்ஹவுஸ் கேட்டில் ஒன்றரை வருடமாக செக்யூரிட்டி. அதற்கு முன் இரண்டு வருடம் ராஸ் அல் கைமாவில் ஒரு டைல்ஸ் ஃபேக்டரி கேட்டில் இருந்தார். பெயர் வேண்டாம். கேட் டியூட்டியில் போன் கூடாது, புத்தகம் கூடாது. பன்னிரண்டு மணி நேரமும் கையில் இருப்பது ஒரு பேனாவும் வண்டிப் பதிவேடும்தான். எந்த லாரி எத்தனை மணிக்கு உள்ளே போனது, எப்போது வெளியே வந்தது என்று எழுதும் தடித்த நோட்டு. மனுஷன் அந்த நோட்டைத் தலைகீழாகத் திருப்பி, கடைசிப் பக்கத்திலிருந்து நாவல் எழுதியிருக்கிறார். முன்னாலிருந்து லாரிகள் வரும், பின்னாலிருந்து கதை வரும், இரண்டும் முட்டிக்கொள்ளும் இடத்தில் நோட்டு முடியும். இப்படி மூன்று நோட்டு. ஒருநாள் காலையில் திடீரென்று ஷார்ஜாவுக்கு மாற்றினார்கள். பதிவேடு கம்பெனிச் சொத்து, கையோடு எடுத்து வர முடியவில்லை.

எங்கள் பழக்கம் ஒரு புத்தகத்தால் வந்தது. டீ நேரத்தில் நான் ஓர் ஆப்பிரிக்க நாவலின் தமிழ் மொழிபெயர்ப்பைப் படித்துக்கொண்டிருந்தேன். கிஸ்ஸா அட்டையைப் பார்த்துவிட்டு விசாரித்தார். இதுவரை ஏழெட்டு ஆப்பிரிக்க நாவல் படித்திருக்கிறேன் என்று கொஞ்சம் பெருமையாகவே சொன்னேன். (நாங்கள் பேசுவது பாதி இந்தி, பாதி ஆங்கிலம். இங்கே தமிழில் தருகிறேன். அவர் "பாய்" என்பது இந்தியில் அண்ணன் என்ற பொருளில்.)

"எல்லாம் இங்கிலீஷ்ல எழுதினதா, செல்வம் பாய்?"

"ஆமா. ஒண்ணு ரெண்டு பிரெஞ்சு."

"அப்போ வெளியூர் கிளம்பி வந்தவங்களைத்தான் பார்த்திருக்கீங்க. வீட்லயே இருக்கிறவங்களை இன்னும் பார்க்கல."

எனக்குச் சுருக்கென்றது. அவர் குத்திக்காட்டவில்லை, உள்ளதைச் சொன்னார். அவர் படித்த பள்ளியில் தாய்மொழியில் பேசினால் கழுத்தில் ஒரு மரக்கட்டையைத் தொங்கவிடுவார்களாம். அடுத்து யார் வாய் தவறிப் பேசுகிறானோ அவன் கழுத்துக்கு அது மாறும். சொந்த நாட்டு எழுத்தாளர்களையே அவர் ஆங்கிலத்தில்தான் படித்தார். தாய்மொழியான லுகாண்டாவில் கேட்ட கதைகள் ரேடியோவில் வந்தவை. அதனால் எழுதுவதென்றால் வீட்டில் பேசும் மொழியில்தான் என்று முடிவு செய்திருக்கிறார். ஃபேக்டரி சூப்பர்வைசர் ஒருமுறை பின்பக்கத்தைப் பார்த்திருக்கிறார். பைபிள் வசனம் என்று கிஸ்ஸா சொன்னதும் விட்டுவிட்டாராம்.

இனி பயணம். ஷார்ஜா ஜுபைல் பஸ் நிலையத்தில் காலை 8:10 பஸ். ஒரு ஆளுக்கு 27 திர்ஹாம் ஆனது. ஏறக்குறைய தொண்ணூறு கிலோமீட்டர், 9:35க்கு இறங்கிவிட்டோம். உம்முல் குவைன் தாண்டியதும் இரண்டு பக்கமும் மணல், நடுநடுவே ஒட்டகத்துக்காகப் போட்ட வேலி. கிஸ்ஸா எதையும் பார்க்கவில்லை. மடியில் ஒரு காலிப் பையை நாலாக மடித்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

பஸ் நிலையத்திலிருந்து ஃபேக்டரிக்கு டாக்ஸி, 24 கிலோமீட்டர், 41 திர்ஹாம். டிரைவர் ஒரு பதான்காரர். "சண்டே சுட்டி நஹி ஹை கியா?" என்றார், ஞாயிறு லீவு இல்லையா என்று. லீவு நாளில் ஃபேக்டரிக்குப் போகிற இரண்டு பைத்தியங்கள் யார் என்று அவருக்குச் சந்தேகம். புத்தகம் எடுக்கப் போகிறோம் என்றேன். "அச்சா, குர்ஆனா?" என்றார். இல்லை, இவர் எழுதியது என்று கிஸ்ஸாவைக் காட்டினேன். கண்ணாடியில் அவரை நன்றாக ஒருமுறை பார்த்துவிட்டு, அதன் பிறகு ரேடியோவின் சத்தத்தைக் குறைத்துக்கொண்டார்.

கேட்டில் இப்போது ஒரு நேபாளிப் பையன். எங்கள் பெயரைப் பதிவேட்டில் எழுதினான். கிஸ்ஸா அந்தப் பக்கத்தையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, முந்தின லாரி ஒன்று வெளியே போன நேரம் எழுதாமல் கிடப்பதைச் சுட்டிக்காட்டினார். பையன் அசட்டுச் சிரிப்புடன் எழுதினான்.

எங்களை வரச்சொன்னவர் அங்கே ஸ்டோர் பார்க்கும் ஜமால் காக்கா. கீழக்கரைக்காரர்; அந்தப் பக்கம் காக்கா என்றால் அண்ணன். இருபத்தாறு வருடமாக அதே ஸ்டோர். பழைய பதிவேடுகளை எல்லாம் அரைத்துத் தூளாக்க வண்டி வரப்போகிறது என்று போனில் தகவல் சொன்னதும் அவர்தான். சமோசாவும் டீயும் வாங்கி வைத்திருந்தார். நாங்கள் உட்கார்ந்ததும் சுற்றி வளைக்காமல் சொல்லிவிட்டார்.

"தம்பி, உள்ளதச் சொல்றேன். மூணு இருந்துச்சு. பெரிய மழையில ஸ்டோருக்குள்ள முழங்கால் தண்ணி. கீழ் தட்டுல இருந்ததெல்லாம் கூழாப் போச்சு. அதுல ஒண்ணு இவரோடது."

நான் மொழிபெயர்ப்பதற்கு முன்பே கிஸ்ஸாவுக்கு முகம் மாறிவிட்டது. மேஜையில் இருந்தது இரண்டு நோட்டு. எடுத்துப் பின்பக்கமாகத் திறந்தார். முதல் நோட்டு. மூன்றாவது நோட்டு. நடுவில் உள்ளது இல்லை.

மானேஜர் ஒரு நிபந்தனையோடுதான் அனுமதி கொடுத்திருந்தார். லாரிக் கணக்கு எழுதிய பக்கம் ஒன்றுகூட வெளியே போகக் கூடாது. காக்கா பிளேடை எடுத்து, லாரியும் கதையும் முட்டிக்கொள்ளும் இடத்தில் தையலை ஒட்டி மெல்ல அறுத்தார். கம்பெனிப் பாதி அலமாரிக்குப் போனது. மற்ற பாதியை நூலால் கட்டிக் கொடுத்தார்.

"இம்புட்டு எழுதிருக்காகளே, என்ன கதை தம்பி?" என்று கேட்டார். நான் கிஸ்ஸாவைப் பார்த்தேன். "என் அண்ணன்கள் கதை," என்றார். காக்கா தலையாட்டினார். டாக்ஸிக்கும் அவரே போன் போட்டார்.

பஸ் நிலையத்தில் ஒரு மணி நேரத்துக்கு மேல் காத்திருந்தோம். எனக்கு ஆறுதல் சொல்லத் தெரியாது, சொன்னாலும் அசட்டுத்தனமாகத்தான் வரும். "ரெண்டு கிடைச்சதே" என்றேன். கிஸ்ஸா நூலால் கட்டிய பக்கங்களைப் பைக்குள் வைத்துக்கொண்டே சொன்னார்.

"போன நோட்டுல பத்து அத்தியாயம். ஒன்பதை ஊர்ல போய்த் திரும்ப எழுதிடுவேன். ஒண்ணை மட்டும் முடியாது."

அவர் ஊரில் இரட்டை ஆண் குழந்தை பிறந்தால் முதலில் வந்தவன் வஸ்வா, அடுத்தவன் கட்டோ. அதற்கப்புறம் பிறக்கிற பிள்ளைக்குக் கிஸ்ஸா என்று பெயர். பெயரைச் சொன்னாலே மேலே இரட்டையர் இருக்கிறார்கள் என்று தெரிந்துவிடும். இவருக்கு மேலே இப்போது இருப்பது கட்டோ மட்டும். வஸ்வா பதின்மூன்று வயதில் ஏரிக்கரைச் சதுப்பில் மூழ்கிப் போனான். கூட இருந்தது கிஸ்ஸா மட்டும், பதினொரு வயது. அந்த அத்தியாயம்தான் தண்ணீரில் போய்விட்டது.

"கேட்ல தனியா இருந்தேன், அதனால எழுதினேன். ஊர்ல அடுத்த ரூம்ல அம்மா இருப்பா. நான் எழுதினா மாத்திடுவேன், பாய். எனக்கு என்னைத் தெரியும்."

"இப்போ சொல்லுங்க, போன்ல ரெக்கார்ட் பண்ணிடலாம்."

"குரல் வேணாம். நான் போட்டே கேட்க மாட்டேன். அழிச்சிடுவேன். நீங்க எழுதுங்க. உங்க மொழியில எழுதுங்க. எனக்கு வேணும்ங்கிறப்போ போன்ல படிச்சு அர்த்தம் சொல்லுங்க. உங்ககிட்ட இருந்தா என்னால மாத்த முடியாது."

எனக்குப் பயமாக இருந்தது. ஸ்டோரில் டெலிவரி நோட்டு எழுதுகிறவன் நான். ஆனால் மனிதர் செவ்வாய்க்கிழமை போய்விடுவார். பையில் ஒரு ரூல் போட்ட நோட்டு இருந்தது. 1:15 பஸ்ஸில் கடைசி சீட்டில் உட்கார்ந்தோம். பஸ் நகர்ந்ததும் அவர் ஆரம்பித்தார்.

ஒரு மணி நேரத்துக்கு மேல் சொன்னார். முன் சீட்டைப் பார்த்தபடி, கேட்டில் ரிப்போர்ட் சொல்வதுபோல. கட்டோவுக்கு அன்று காய்ச்சல், வீட்டில் படுத்திருந்தான். வஸ்வா சட்டையைக் கழற்றித் தலையில் கட்டிக்கொண்டான். நாணல்களுக்கு நடுவே தண்ணீர் ஓடுகிற வாய்க்கால், அகலம் அதிகமில்லை. நான் வேகவேகமாகத் தமிழில் எழுதிக்கொண்டே வந்தேன். ஓர் இடத்தில் அவர் நிறுத்தி, என்ன எழுதினீர்கள் என்று கேட்டார். "வஸ்வா செத்துப் போனான்" என்று எழுதியிருந்தேன். இரட்டையரைப் பற்றி அப்படிச் சொல்லக் கூடாதாம். பறந்து போனான் என்றுதான் சொல்வார்களாம். அடித்துவிட்டு அப்படியே எழுதினேன். ஷார்ஜாவின் முதல் சிக்னலில் கதை முடிந்தது. ஒன்பது பக்கம். லுகாண்டாவில் எழுதிய ஒரு நாவலின் ஓர் அத்தியாயம், இப்போது உலகத்திலேயே தமிழில் மட்டும்தான் இருக்கிறது.

இந்த இடத்தில் நிறுத்தி, போகிறவர்களுக்கான தகவலைச் சொல்லிவிடுகிறேன். இதற்குப் பிறகு சொல்ல எனக்கு மனம் வராது. ஞாயிறு மாலை ராஸ் அல் கைமாவிலிருந்து திரும்பும் பஸ்ஸில் சீட் கிடைப்பது கஷ்டம், மதியமே கிளம்பிவிடுங்கள். ஃபேக்டரிப் பக்கமிருந்து திரும்பி வர டாக்ஸி சும்மா கிடைக்காது, போகும்போதே டிரைவர் நம்பரை வாங்கி வையுங்கள். எங்கள் இருவருக்கும் மொத்தச் செலவு 190 திர்ஹாம், அதில் கிட்டத்தட்ட பாதியை டாக்ஸியே தின்றது. கட்டணங்கள் மாறியிருக்கலாம், கேட்டுக்கொள்ளுங்கள். இன்னொன்று. உங்கள் கேட்டில், பில்டிங்கில், லிஃப்ட் பக்கத்தில் ஓர் ஆப்பிரிக்கர் நிற்பார். நாம் "ஹலோ பாஸ்" சொல்லிவிட்டுக் கடந்து போவோம். ஒருநாள் நின்று, உங்கள் ஊரில் என்ன கதை படிப்பீர்கள் என்று கேட்டுப் பாருங்கள். ஏழெட்டு நாவல் படித்த நான், ஒன்றரை வருடம் அதைக் கேட்கவில்லை. அவர்தான் என்னைக் கேட்டார்.

2:45க்கு ஜுபைலில் இறங்கினோம். அவர் தங்கும் கேம்ப்புக்குப் போக வேண்டிய பஸ் நின்றுகொண்டிருந்தது, ஏறவில்லை. பெஞ்சில் உட்கார்ந்து, "படிங்க" என்றார்.

"தமிழ்லயா? உங்களுக்கு என்ன புரியும்?"

"நீங்க படிங்க பாய்."

ஒன்பது பக்கத்தையும் படித்தேன். கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். வஸ்வா என்ற பெயர் வரும்போதெல்லாம் ஒரு விரலை மடக்கினார். ஒரு கை முடிந்து அடுத்த கைக்குப் போனார். நான் படித்து முடித்தபோது இரண்டு கையும் மூடியிருந்தன. அவற்றை அப்படியே மடியில் வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தார்.

"பத்து. நான் பதினொண்ணு சொன்னேன்."

"எண்ணிக்கிட்டேவா சொன்னீங்க?"

"கேட்காரன் பாய் நான். உள்ள போனது வெளிய வரணும். ஒரு தடவை அவனைக் காணோம். அவன் எந்த இடத்துல இல்லைன்னும் எனக்குத் தெரியும்."

எனக்கும் தெரியும். பஸ்ஸில் அந்த வாக்கியம் வந்தபோது அவர் குரல் இறங்கிவிட்டது. முகத்தைத் திருப்பிக்கொண்டார். எனக்கு நன்றாகக் கேட்டது. கேட்காதவன்போல் பேனாவை நோட்டின் மேல் வைத்திருந்துவிட்டு, அடுத்த வாக்கியத்துக்குப் போய்விட்டேன். பதினொரு வயதுப் பையன் செய்ததைப் போய் ஏன் எழுத வேண்டும்? அது இல்லாமலே கதை நன்றாகத்தானே இருக்கிறது? அப்போது அதைப் பெரிய உபகாரமாக நினைத்தேன். அந்தப் பெஞ்சில் எனக்கு வெட்கமாக இருந்தது.

"உங்களுக்கு நல்லதுன்னு நினைச்சுத்தான் விட்டேன்," என்றேன்.

"தெரியும். எல்லாரும் எனக்கு அந்த நல்லதைத்தான் செஞ்சாங்க. இருபத்தோரு வருஷமா அம்மாவும் அதைத்தான் செய்யுறா."

நோட்டைத் திறந்தேன். எழுத அங்கே இடமில்லை, இரண்டு வரிக்கு நடுவில் நெருக்கிக்கொண்டேன். அவர் இந்தத் தடவை குரலை இறக்கவில்லை. பக்கத்தில் லக்கேஜோடு நின்ற இரண்டு பேர் திரும்பிப் பார்த்தார்கள். அவர் சொல்லச் சொல்ல, ஒரு வார்த்தை கூட்டாமல் குறைக்காமல் எழுதினேன்:

"வஸ்வாவுக்கு நீந்தத் தெரியாது என்று தெரிந்துதான், பயந்தாங்கொள்ளி என்று சொல்லிச் சொல்லி அவனைத் தண்ணீரில் இறக்கினேன்."