களத்தில் வாய் திறந்தவர்

சங்கக்கடை வாசலில் கோதுமைப் பாணுக்கு வரிசையில் நின்றபோதுதான் அந்தோனி அண்ணன் போய்விட்ட செய்தி எனக்கு வந்தது. தன்னாமுனையிலிருந்து சைக்கிளில் வந்த அவருடைய மைத்துனர் என்னைக் கண்டு காலை ஊன்றி நின்று, "அத்தான் விடியப்புறம் மோசம் போயிற்றார். பின்னேரம் எடுக்கிறம்" என்றார். இன்னும் பலருக்குச் சொல்ல வேண்டுமென்று உடனே மிதித்துப் போய்விட்டார். நான் வரிசையை விட்டு விலகவில்லை. பாண் வாங்காமல் போனால் வீட்டில் அன்றைக்கு எதுவும் இல்லை. முன்னால் நின்றவரின் முதுகைப் பார்த்தபடி அடி அடியாக நகர்ந்தேன். கண்ணீர் வந்தது, துடைக்கவில்லை. நெல்லுக்காகப் பாடுபட்ட ஒரு மனிதர் செத்த செய்தியைப் பாண் வரிசையில் நின்று கேட்க வேண்டியதாயிற்று. இந்த நாட்டின் நிலைமைக்கு இதற்கு மேல் விளக்கம் எதற்கு?

அரிசி ஆலையில் அவரோடு வேலை செய்தவர்களுக்கும், பின்னர் தொழிற்சங்கத்தில் அவரோடு அலைந்தவர்களுக்கும் நான் புதிதாகச் சொல்ல அதிகம் இல்லை. அந்தோனிப்பிள்ளை என்ற முழுப் பெயரில் அவரை யாரும் அழைத்து நான் கேட்டதில்லை. ஆலையில் கொதிகலனுக்கு உமி தள்ளுகிற வேலை அவருக்கு. இயந்திரம் பழுது பார்க்கிற வேலை எனக்கு. இயந்திரச் சத்தத்துக்கு மேலாகப் பேசிப் பழகியோ என்னவோ, அவருக்கு மெதுவாகப் பேசவே வராது. கோயிலில் பூசை நேரம் அவர் பாட்டெடுத்தால் சுவாமியாரே ஒருதரம் திரும்பிப் பார்ப்பார். அவரிடம் இரகசியம் சொன்னவர்கள் யாரும் இரண்டாம் முறை சொன்னதில்லை.

ஆலை முற்றத்தில் அவித்த நெல்லை வெறுங்காலால் துழாவிக் காயவிடும் பெண்களை உங்களுக்கு நினைவிருக்கும். உச்சி வெயிலில் அந்தச் சீமெந்துத் தரை அடுப்புக்கல் மாதிரிக் கொதிக்கும். மத்தியானத்தில் அவர்களுக்கு ஒரு மணி நேரம் நிழலில் ஓய்வு வேண்டுமென்று நாங்கள் கேட்டபோது, மானேஜர் "அவங்களுக்குப் பழகிப்போச்சு" என்று ஒரே சொல்லில் முடித்துவிட்டார். அந்தோனி அண்ணன் வாக்குவாதம் செய்யவில்லை. "ஐயா, செருப்பக் கழத்திப் போட்டு ஒருக்கா அங்க வந்து நில்லுங்க. உங்கட கால் சொல்லட்டும், நான் சொல்லல்ல" என்றார். எல்லாரும் பார்த்துக்கொண்டிருந்ததால் மானேஜருக்கு ரோசம் வந்துவிட்டது. செருப்பைக் கழற்றிவிட்டு இறங்கியவர், நாலடி போகுமுன் துள்ளத் தொடங்கினார். பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். அடுத்த கிழமையே ஓய்வு கிடைத்தது. அடுத்த மாதமே அண்ணனுக்கு வேலை போயிற்று. குடித்துவிட்டு வேலைக்கு வந்தாராம்! கள்ளு மணம் பட்டாலே தும்முகிற மனிதர் அவர்.

அன்று ஆலை வாசலில் அவர் என்னிடம் சொன்னது, பிறகு எங்கள் சங்கத்தில் எல்லாருடைய வாயிலும் இருந்தது. "கூலி கேக்கிறது வரம் கேக்கிறதில்ல தம்பி. கும்பிட்டுக் கேக்கத் தேவல்ல."

அதற்குப் பிறகுதான் அவர் வாவியைக் கடந்து மேற்குக் கரையான படுவான்கரைக்குப் போகத் தொடங்கினார். உன்னிச்சைப் பக்கத்து வயல் வட்டைகளில் போகம் முழுவதும் வாடிக் குடிசையில் தங்கி வயல் வேலை செய்கிற மனிதர்களுக்கு அப்போது சங்கம் என்று ஒன்றில்லை. வயலின் சொந்தக்காரரான போடியார் சொல்வதே சட்டம். விதைப்பிலிருந்து கதிரடிக்கும் சூடடிப்பு வரைக்கும் உழைத்தவனுக்குக் கூலி நெல்லாகக் களத்தில் அளந்து கொடுக்கப்படும். போடியாரின் பங்கை அளக்கும்போது மரைக்கால் கூம்பி வழியும். வேலை செய்தவனின் பங்கை அளக்கும்போது அதே மரைக்காலின் வாயைக் கையால் வழித்துவிடுவார்கள். தகப்பன் காலத்திலும் அப்படித்தான், பாட்டன் காலத்திலும் அப்படித்தான். ஞாயிற்றுக்கிழமைகளில் நானும் அவரோடு சைக்கிளில் போவேன். வாடி வாடியாக ஏறி இறங்கி, இரண்டு பங்கையும் ஒரே மாதிரி அளக்க வேண்டும் என்ற ஒரேயொரு கோரிக்கையில் அவர்களை ஒன்றுசேர்க்க அவருக்கு இரண்டு போகம் பிடித்தது.

அந்த மனிதர்களுக்குத் தலையாளாக இருந்தவர் கந்தக்குட்டி. குனிந்த உடம்பு, நிதானமான பேச்சு. அவர் சங்கத்துக்கு வந்ததால்தான் மற்றவர்களும் வந்தார்கள். அறுபதுகளின் நடுப்பகுதியில் ஒரு போகத்தின்போது, தண்ணீர்ப் பங்கீட்டைப் பார்க்கும் வட்டை விதானையாரை முன்னால் வைத்துப் பேசியதில், போடியார் ஒரே மாதிரி அளப்பதற்கு ஒத்துக்கொண்டார். அன்றைக்கு வாடியில் ஆட்டிறைச்சிக் கறி. நான் என் வாழ்க்கையில் அப்படியொரு சாப்பாடு சாப்பிட்டதில்லை.

சூடடிப்பு அன்று அண்ணனையும் என்னையும் சாட்சிக்கு வரச் சொன்னார்கள். களத்தின் ஓரத்தில் கந்தக்குட்டி எங்களை மறித்தார். களத்தின் வழக்கம் அறியாதவர்களுக்காக இதைச் சொல்கிறேன். அங்கே நெல் குவிந்திருக்கும்போது குறைச்சொல் எதையும் உச்சரிக்கக் கூடாது. தண்ணீர் முடிந்தால் முடிந்தது என்று சொல்லமாட்டார்கள், நிறைந்தது என்பார்கள். இல்லை, போதாது, காணாது என்ற சொற்கள் காதில் விழுந்தால் நெல் பெருகும் பொலி நின்றுவிடும், வேளாண்மைக்குக் காவலான தெய்வம் முகத்தைத் திருப்பிக்கொள்ளும் என்பது நம்பிக்கை.

"அண்ணே, களத்துக்குள்ள வாய் திறக்கப்படா. என்ன நடந்தாலும் வெளியில வந்து கதைப்பம்" என்றார் கந்தக்குட்டி.

"வெளியில வாறதுக்குள்ள நெல்லு வண்டியில ஏறிருமே கா."

"ஏறினாலும் பேசப்படா. நம்மட ஆக்கள் தாங்கமாட்டாங்க."

அண்ணன் தலையாட்டினார். போடியாரின் பங்கு கூம்பக் கூம்ப அளந்து முடிந்தது. அடுத்தது வேலையாட்களின் பங்கு. அளக்கிறவர் மரைக்காலை நிரப்பினார். பழக்கமோ, சொல்லிக் கொடுத்ததோ, கையால் வாயை வழித்துவிட்டார். போடியார் ஆகாயத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஒத்துக்கொண்ட சொல் எல்லாருக்கும் தெரியும். ஒருவர் முகத்திலும் அசைவில்லை. இரண்டாவது மரைக்காலும் வழிக்கப்பட்டது. மூன்றாவதற்குக் குனியும்போது அந்தோனி அண்ணன் சொன்னார்:

"காணாது."

அவருடைய குரலைத்தான் சொன்னேனே. களம் முழுவதும் கேட்டது. அடுத்த சூட்டை மிதித்துக்கொண்டிருந்த மாடுகூட நின்றுவிட்டதென்று பிறகு சொன்னார்கள். நான் மாட்டைப் பார்க்கவில்லை, மனிதர்களைப் பார்த்தேன். ஒருவராவது நன்றியோடு பார்க்கவில்லை. எல்லார் முகத்திலும் பயம். போடியார் கோபப்படவில்லை. தாழ்ந்த குரலில், "கூம்பலா அள. அவங்க கேட்ட மாதிரியே அள" என்றார். அந்த வருடம் அவர்கள் சாக்கு நிறைய நெல் கொண்டுபோனார்கள். சங்கம் வென்றுவிட்டது என்று கொழும்பு வரைக்கும் செய்தி போயிற்று. திரும்பும் வழியில் அண்ணன் பாட்டுப் பாடிக்கொண்டு சைக்கிள் மிதித்தார்.

அடுத்த மாரி பொய்த்தது. குளத்தின் நடுவில் ஆடுகள் மேய்ந்தன. வயலில் முழங்கால் உயரப் பயிர் நின்ற நிலையிலேயே கருகியது. போடியார் யாரிடமும் ஒரு சொல்லும் சொல்லவில்லை என்பதை நான் நியாயமாகச் சொல்லவேண்டும். சொல்ல வேண்டிய தேவையும் அவருக்கு இருக்கவில்லை.

வெயில் ஏறிய ஒரு காலையில் கந்தக்குட்டியும் வேறு சிலரும் வாவியைக் கடந்து தன்னாமுனைக்கு வந்தார்கள். நானும் அங்கேயிருந்தேன். உள்ளே கூப்பிட்டும் வரவில்லை, முற்றத்திலேயே நின்றார்கள்.

"அண்ணே, குளக்கட்டில பொங்கல் வெக்கிறம். நீங்க வந்து, சொன்னது பிழைதான் எண்டு ஒரு சொல்லு சொல்லிருங்க. அது போதும்" என்றார் கந்தக்குட்டி. அவருடைய கன்னம் இரண்டும் உள்ளே போயிருந்தன.

எனக்குப் பொறுக்கவில்லை. "மழை பெய்யாததுக்கு இவர் என்ன செய்வார்? கேட்டது நியாயம் எண்டு உங்களுக்குத் தெரியாதா?" என்று சத்தம் போட்டேன்.

"நியாயம்தான் தம்பி. ஆனா களத்துக்குள்ள கேட்டிற்றார்."

அண்ணன் முற்றத்தில் நின்றவர்களின் முகங்களை ஒவ்வொன்றாகப் பார்த்தார். கடைசியில் அவருடைய மனைவி மரியம்மா அக்கா கதவடியிலிருந்து, "அவங்கட பிள்ளைகள் சாப்பிடல்ல. போயிற்று வாங்க" என்றார். நான் போகவேண்டாம் என்று அவர் கையைப் பிடித்தேன். அவர் கையை மெல்ல விடுவித்துக்கொண்டு சட்டையைப் போட்டார்.

குளக்கட்டுக்கு நானும் போனேன். போடியாரும் வந்திருந்தார், வெள்ளை உடுத்து, பக்தியோடு. கழுத்தில் செபமாலை போட்ட அந்தோனி அண்ணன் பிள்ளையாருக்கு முன்னால் தேங்காய் உடைத்து, "நான் சொன்னது பிழைதான்" என்றார். மெதுவாகச் சொல்லத் தெரியாத அவருக்கு அன்றைக்கு அது எங்கிருந்து வந்ததோ, பக்கத்தில் நின்ற எனக்கே அரைகுறையாகத்தான் கேட்டது. "எல்லாருக்கும் கேக்கல்ல" என்று யாரோ சொன்னார்கள். இரண்டாவது முறை சத்தமாகச் சொன்னார்.

அடுத்த மாரி மழை பெய்தது. அந்த மழையை நான் இன்றுவரை மன்னிக்கவில்லை. பெய்யாமலே இருந்திருந்தால் ஒருவேளை அவர்கள் வேறு காரணம் தேடியிருப்பார்கள். குளம் நிறைந்து வழிந்தது, வேளாண்மை நன்றாக விளைந்தது, களத்தில் மரைக்கால் மறுபடியும் வழிக்கப்பட்டது. களத்துக்கு வெளியே வைத்தாவது இதைக் கேளுங்கள் என்று நான் வாடி வாடியாகப் போய்க் கெஞ்சினேன். "அந்தோனி அண்ணனே பிழையெண்டு சொல்லிற்றார், மறுகா நாங்க என்னத்தக் கேக்கிற?" என்றார்கள். அந்தப் போகத்தோடு படுவான்கரையில் சங்கம் முடிந்தது. அண்ணன் அதற்குப் பிறகு வாவியைக் கடக்கவேயில்லை. ஏறாவூர்ச் சந்தையில் மூட்டை தூக்கிச் சீவித்தார்.

இப்போது அந்த வட்டையில் சூடடிக்க உழவு இயந்திரம் வருகிறது. அதை ஓட்டுகிற பெடியன் கதிர்க் குவியலுக்கு மேல் இருந்துகொண்டு, எண்ணெய் காணாது, சம்பளம் காணாது, ஒண்டும் இல்லை என்று நாள் முழுவதும் கத்துகிறான். எந்தத் தெய்வமும் முகத்தைத் திருப்புவதாகத் தெரியவில்லை. போடியார் சிரித்துக்கொண்டு அவனுக்குத் தேத்தண்ணி கொடுக்கிறார். போகம் முழுவதும் கிடந்து உழைக்கிற ஆட்கள் அவருக்கு இனித் தேவையில்லை. நாட்கூலிக்குச் சிலர் போதும். கந்தக்குட்டி சாக்குக்கு வாய் தைக்கிறார்.

அடக்கத்துக்குக் கந்தக்குட்டி வந்திருந்தார். அவ்வளவு தூரம் நடந்தே வந்திருக்கிறார். சேமக்காலையில் மண் போட்டுவிட்டுத் தனியே நின்றவரிடம் போய், கேட்கக் கூடாததைக் கேட்டேன். "அண்ணன்தான் மழைய நிப்பாட்டினார் எண்டு இன்னும் நினைக்கிறயளா?"

அவர் என்னை இரக்கத்தோடு பார்த்தார். "அவர்தானே தம்பி மறுகா மழையக் கொண்டு வந்தவரும்" என்றார். பிறகு குரல் உடைந்து அழுதார்.

அதன்பின் நடந்த அஞ்சலிக் கூட்டத்துக்குக் கொழும்பிலிருந்து ஒருவர் வந்தார். தோழர் விதைத்தது ஒருநாள் விளைந்தே தீரும் என்று மேசையில் குத்திப் பேசினார். கை தட்டினார்கள். நான் தட்டவில்லை. அந்த வட்டையை அவர் பார்த்ததில்லை, நான் பார்த்தவன். அங்கே எதுவும் விளையவில்லை. அந்தோனி அண்ணன் தோற்றுத்தான் செத்தார். அவருடைய நினைவுக்கு நாம் செய்யக்கூடிய மரியாதை, அதை மறைக்காமலிருப்பதே.

சாவதற்கு முந்திய கிழமை அவரைப் பார்க்கப் போயிருந்தேன். நெஞ்சில் சளி கட்டி, பேச்சு காற்றாக வந்தது. இத்தனை வருடமாகக் கேட்காமல் வைத்திருந்ததை அன்று கேட்டுவிட்டேன். "ஏன் அண்ணே அண்டைக்குக் குளக்கட்டுக்குப் போனீங்க?"

"பசியில நிக்கிறவனுக்கு முன்னால நான் சரியெண்டு காட்டி என்ன செய்யிற, தம்பி?" என்றார். கண்ணை மூடிக்கொண்டார். தூங்கிவிட்டார் என்று நினைத்து எழும்பினேன். கண்ணைத் திறக்காமலே சொன்னார்: "எண்டாலும் நான் போயிருக்கப்படா."

இல்லை அண்ணே, நீங்கள் செய்தது சரிதான் என்று சொல்ல வாயெடுத்தேன். சொல்லவில்லை, ஏனென்றால் அது பொய். அவரிடமிருந்து எனக்கு மிஞ்சியிருப்பது இது ஒன்றுதான்: அவர் போயிருக்கக் கூடாது என்றே நானும் நினைக்கிறேன். அன்றைக்கு அந்த முற்றத்தில், அந்த முகங்களுக்கு முன்னால், அவருடைய இடத்தில் நான் இருந்திருந்தால் நானும் போயிருப்பேன்.